மர்மப் படங்களின் தொகுப்பாளராக: நுழைவதும் கற்பதும் நிலைப்பதும்

மர்மப் படத்தைத் தொகுப்பவருக்கும் குடும்பப் படத்தைத் தொகுப்பவருக்கும் மென்பொருள் ஒன்றுதான், இரவு விழிப்பும் ஒன்றுதான். வேறுபாடு ஓரிடத்தில் இருக்கிறது. கொலையாளி யார் என்பதைப் படப்பிடிப்பு தொடங்குவதற்கு முன்பே திரைக்கதையில் படித்துவிட்ட ஒருவர், அதை அறியாதவரின் கண்ணோடு அதே காட்சியை ஐம்பதாவது முறையும் பார்க்கத் தெரிந்திருக்க வேண்டும். இந்தத் தொழிலில் நிலைத்தவர்கள் அனைவரும் ஏதோ ஒரு வகையில் இந்தப் பழக்கத்தைக் கைவரப் பெற்றவர்களே. சென்னையில் இருந்துகொண்டு இந்த வகைப் படங்களில் தொகுப்பாளராக வர விரும்புகிறவர், எங்கே தொடங்கி, எதைப் பழகி, எதில் எச்சரிக்கையாக இருக்க வேண்டும் என்பதை எனக்குத் தெரிந்த அளவில் இங்கே எழுதுகிறேன்.

படிப்பும் முதல் கதவும்

படித்துவிட்டு வரலாம், படிக்காமலும் வரலாம். தரமணியில் உள்ள தமிழ்நாடு அரசு எம்.ஜி.ஆர். திரைப்பட மற்றும் தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் படத்தொகுப்புக்கென நான்காண்டுப் பட்டப்படிப்பு இருக்கிறது. புனே திரைப்படக் கல்லூரியிலும் கொல்கத்தாவின் சத்யஜித் ராய் நிறுவனத்திலும் நுழைவுத் தேர்வு எழுதி, பட்டம் பெற்றவர்கள் மூன்றாண்டுப் படிப்பில் சேரலாம். கல்லூரியின் பெரிய பயன் மென்பொருள் பயிற்சி அன்று. அதை வீட்டிலேயே கற்றுக்கொள்ளலாம், டாவின்சி ரிசால்வ் என்ற தொகுப்பு மென்பொருள் இலவசமாகவே கிடைக்கிறது. உடன் படிக்கும் இயக்குநர், ஒளிப்பதிவாளர், ஒலிப்பதிவாளர் ஆகியோரின் உறவுதான் கல்லூரி தரும் உண்மையான சொத்து. முதல் படம் இயக்கப் போகிறவர், தன் குறும்படத்தில் உடன் உழைத்தவரையே தேடி வருவார்.

கல்லூரி வாய்க்காதவர்களுக்கு அதே உறவைக் குறும்படங்கள் தருகின்றன. ஆனால் இங்கே ஒரு கணக்கு இருக்கிறது. வேலை கேட்டு வருகிற பலர், வேகமான வெட்டுகளும் அதிரும் இசையும் நிறைந்த இரண்டு நிமிடத் தொகுப்பைத் தங்கள் திறமைக்குச் சான்றாகக் காட்டுகிறார்கள். மர்மப் பட இயக்குநருக்கு அதிலிருந்து எதுவும் தெரிவதில்லை. அதற்குப் பதிலாக, நான்கு நிமிடம் ஓடும் ஒரே ஒரு காட்சியைக் காட்டுங்கள். ஓர் அறைக்குள் இருவர் பேசுகிறார்கள், ஒருவர் எதையோ மறைக்கிறார், இசை கிடையாது என்று வைத்துக்கொள்ளுங்கள். அந்த நான்கு நிமிடமும் பார்ப்பவரை நாற்காலியில் இருத்த முடிந்தால், வேறு சான்று எதுவும் தேவையில்லை.

உதவியாளராக இருக்கும் காலம்

தனியாகப் படம் செய்வதற்கு முன் சில படங்களிலேனும் உதவித் தொகுப்பாளராக இருப்பது நல்லது. தமிழ்த் திரையுலகில் சங்க உறுப்பினர் அட்டை பெறுவதற்கும் இந்த அனுபவம் கைகொடுக்கும். சேர்க்கை விதிகளையும் கட்டணத்தையும் ஃபெஃப்சி எனப்படும் தென்னிந்தியத் திரைப்படத் தொழிலாளர் கூட்டமைப்பின் அங்கமான எடிட்டர்கள் சங்கத்தில் நேரில் கேட்டுத் தெரிந்துகொள்வதே சரி, ஏனென்றால் வாய்வழிச் செய்திகள் பெரும்பாலும் பழையனவாக இருக்கும்.

உதவியாளரின் நாள் எப்படி ஓடும் என்பதைத் தெரிந்துகொண்டு வருவது நலம். படப்பிடிப்பிலிருந்து ஹார்ட் டிஸ்க் வரும். அதை இரண்டு பிரதியாவது எடுத்து, ஒரு பிரதியை வேறு கட்டடத்தில் வைக்க வேண்டும். கேமராவின் மூலக் கோப்புகள் கனமானவை என்பதால் ப்ராக்ஸி எனப்படும் எடை குறைந்த பிரதிகளை உருவாக்கி, கிளாப் ஓசையை வைத்து ஒலியையும் படத்தையும் சிங்க் செய்து, காட்சி எண், ஷாட் எண், டேக் எண் வாரியாகப் பெயரிட்டு அடுக்க வேண்டும். படப்பிடிப்புத் தளத்தில் எழுதப்படும் கன்டினியூட்டி ரிப்போர்ட்டில் இயக்குநர் எந்த டேக்கை ஓகே என்று குறித்திருக்கிறார் என்பதையும் சேர்த்துப் பதிய வேண்டும். இவை எல்லாப் படத்துக்கும் பொது.

மர்மப் படத்தில் உதவியாளர் கூடுதலாகச் செய்ய வேண்டிய வேலை இரண்டு. முதலாவது, என்.ஜி. (சரியில்லை) என்று ஒதுக்கப்பட்ட டேக்குகளையும் ‘ஆக்‌ஷன்’ சொல்வதற்கு முந்தைய, ‘கட்’ சொன்னதற்குப் பிந்தைய நொடிகளையும் கண்டிப்பாகப் பார்த்துக் குறித்து வைப்பது. வசனம் பேசக் காத்திருக்கும் நடிகர், தான் படம்பிடிக்கப்படுவதை மறந்து ஒரு பக்கம் பார்த்திருப்பார். அந்த வெறும் பார்வை, சந்தேகத்துக்குரியவரின் முகமாகப் பின்னால் பொருந்திவிடும். லெவ் குலெஷோவ் என்ற ரஷ்ய இயக்குநர் நூறாண்டுகளுக்கு முன்பே செய்து காட்டிய சோதனை இதுதான்: சலனமில்லாத ஒரே முகத்தை வெவ்வேறு காட்சிகளோடு ஒட்டினால், பார்ப்பவர் அந்த முகத்தில் வெவ்வேறு உணர்ச்சிகளைக் காண்பார். இரண்டாவது வேலை, தன் முதல் பார்வையை எழுதி வைப்பது. ரஷ் எனப்படும் தொகுக்கப்படாத படப்பதிவைப் பார்க்கும்போது எங்கே திடுக்கிட்டீர்கள், எங்கே யாரைச் சந்தேகித்தீர்கள், எங்கே கைப்பேசியை எடுத்தீர்கள் என்று அன்றைக்கே, நேரக் குறிப்போடு எழுதிவிடுங்கள். முதல் பார்வை ஒருமுறைதான் கிடைக்கும். மூன்று மாதம் கழித்து, தொகுப்பாளரும் இயக்குநரும் ஒரு காட்சி வேலை செய்கிறதா இல்லையா என்று வாதாடும்போது, அந்தத் தாள்தான் அறையில் இருக்கும் ஒரே நடுநிலைச் சாட்சி.

புதிய கண்ணின் மதிப்புக்கு எல்லோரும் அறிந்த ஓர் எடுத்துக்காட்டு உண்டு. ஆல்ஃபிரட் ஹிட்ச்காக்கின் ‘சைக்கோ’ (1960) படத்தை ஜார்ஜ் டோமாசினி தொகுத்தார். படம் முடிந்துவிட்டது என்று எல்லோரும் நினைத்திருந்த கட்டத்தில் அதைப் பார்த்த ஹிட்ச்காக்கின் மனைவி ஆல்மா ரெவில், குளியலறைத் தரையில் உயிரற்றுக் கிடக்க வேண்டிய நடிகை ஜேனட் லீயின் முகத்தில் ஒரு சிறு அசைவு இருப்பதைச் சுட்டிக்காட்டினார். பலமுறை பார்த்திருந்தவர்களின் கண்ணில் படாதது அது. படம் திருத்தப்பட்ட பிறகே வெளியே போனது. ஆல்மா தாமே முன்பு படத்தொகுப்பாளராக இருந்தவர்.

யாருக்கு எது, எப்போது தெரியும்

இந்தப் பகுதியில் சற்று விரிவாகவே நிற்கிறேன், ஏனென்றால் இதுதான் தொழில்.

வேலை தொடங்கும் முன் ஒரு தாளில், அல்லது எக்செல் பக்கத்தில், காட்சி எண்களை வரிசையாக எழுதி, எதிரே மூன்று கட்டங்கள் போடுங்கள். பார்வையாளருக்கு இப்போது என்ன தெரியும், நாயகருக்கு என்ன தெரியும், குற்றவாளிக்கு என்ன தெரியும். ஒவ்வொரு காட்சி முடிவிலும் இவற்றை நிரப்புங்கள். மூன்று கட்டங்களும் ஒன்றாகவே பத்து காட்சிகளுக்கு ஓடினால் அந்தப் பகுதியில் மர்மம் இல்லை, செய்தி மட்டுமே இருக்கிறது. பார்வையாளர் கட்டம் நாயகரின் கட்டத்தை முந்தினால் பதற்றம் பிறக்கும். பின்தங்கினால் புதிர் பிறக்கும். படப்பிடிப்பு முடிந்த பிறகும் இந்த ஏற்ற இறக்கத்தை மாற்றும் அதிகாரம் தொகுப்பாளரிடம் இருக்கிறது, ஏனென்றால் எந்த ஷாட் முன்னே வரும் என்பதை முடிவு செய்வது அவர்தான்.

ஒரு சிறு காட்சியை எடுத்துக்கொள்வோம். மாலை ஆறு மணி, அடுக்குமாடிக் குடியிருப்பின் மூன்றாம் தளம். மாலதி என்ற ஆசிரியை பள்ளியிலிருந்து வீடு திரும்புகிறார். வாசலில் அவருடைய அம்மாவின் செருப்போடு, வீட்டில் யாருக்கும் உரியதல்லாத, ஆண்கள் அணியும் ஒரு தோல் செருப்பும் கிடக்கிறது. உங்கள் கையில் ஐந்து ஷாட்டுகள் இருக்கின்றன: லிஃப்ட் கதவு திறந்து மாலதி நடந்து வரும் நடைபாதையின் அகலமான ஷாட், கைப்பையில் சாவி தேடும் குளோசப், செருப்பின் குளோசப், உள்ளேயிருந்து கதவு திறப்பதைக் காட்டும் ஷாட், உள்ளே வந்த மாலதியின் முகம்.

முதல் வழி, லிஃப்ட் திறப்பதற்கு முன்பே செருப்பை இரண்டு நொடி, அதாவது 48 ஃபிரேம், காட்டுவது. இப்போது பார்வையாளர் மாலதியை முந்திவிட்டார். சாவி தேடும் ஆறு நொடி ஷாட், வேறு எந்தப் படத்திலும் லேக், அதாவது இழுவை, என்று வெட்டப்பட்டிருக்கக்கூடியது, இங்கே படத்தின் மிக விலையுயர்ந்த ஆறு நொடியாகிவிடுகிறது. இரண்டாவது வழி, மாலதி சாவியை எடுத்துவிட்டுக் கீழே பார்க்கும்போது அவர் பார்வையில் செருப்பைக் காட்டுவது. இப்போது இருவருக்கும் ஒரே நேரத்தில் தெரிகிறது. 20 ஃபிரேம் போதும், அதற்கு மேல் நிறுத்தினால் மாலதி ஏன் இன்னும் கதவைத் திறக்கிறார் என்ற கேள்வி வந்துவிடும். மூன்றாவது வழி, செருப்பின் குளோசப்பைப் பயன்படுத்தாமலே விடுவது. அகலமான ஷாட்டின் இடது ஓரத்தில் அது கிடக்கிறது. மாலதி வலப்புறமாக நடந்து வருவதால் கண்கள் அவரோடு போய்விடும். உள்ளே நடக்க வேண்டியது நடந்த பிறகு, விசாரணை அதிகாரி “வாசலில் எத்தனை ஜோடி செருப்பு இருந்தது?” என்று கேட்கும்போது, திரையரங்கில் சிலர் மட்டும் நிமிர்ந்து உட்காருவார்கள்.

மூன்றில் எது சரி என்பதற்கு அந்தக் காட்சிக்குள் விடை இல்லை. மாலதி உயிரோடு இருக்கப் போகிறாரா, உள்ளே இருப்பவர் யார், இதற்கு முந்தைய காட்சியில் பார்வையாளரை எந்த நிலையில் விட்டோம் என்பவற்றைப் பொறுத்தது. அந்த மூன்று கட்டத் தாள் இதற்குத்தான். ஆனால் ஒன்றை உறுதியாகச் சொல்லலாம். முதல் வழியைத் தேர்ந்தெடுத்தால், சாவி தேடும் ஷாட்டுக்கு நடுவே மறுபடியும் செருப்புக்கு வெட்டாதீர்கள். இரண்டாம் முறை காட்டியதும் பார்வையாளருக்குச் செருப்பு மறைந்து, சுட்டிக்காட்டும் தொகுப்பாளரின் விரல் தெரியத் தொடங்கும். இயக்குநர்கள் பலர் இந்த இரண்டாம் முறையைக் கேட்பார்கள். அவர்களுக்குக் கதை தெரியும் என்பதால், தெரியாதவருக்குப் புரியாமல் போய்விடுமோ என்ற அச்சம் எப்போதும் இருக்கும்.

வேகத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. ‘சைக்கோ’வின் குளியலறைக் கொலைக்கு ஏறத்தாழ ஒரு வாரம் படப்பிடிப்பு நடந்தது, 78 கேமரா நிலைகள், 52 வெட்டுகள் என்று எல்லோரும் மேற்கோள் காட்டுகிறார்கள். அதற்கு முன்னால், விடுதியின் பின்னறையில் இருவர் சாண்ட்விச் தட்டை வைத்துக்கொண்டு பேசும் நீண்ட, நிதானமான காட்சியை அவ்வளவாக யாரும் பேசுவதில்லை. அந்த உரையாடல் அங்கே அவ்வளவு நேரம் ஓடியிராவிட்டால், இந்த 52 வெட்டுகளும் வெறும் வெட்டுகளாகவே இருந்திருக்கும். புதியவர்கள் கொலைக் காட்சியைத் தொகுத்துப் பழகுகிறார்கள். அதற்கு முந்தைய காட்சியைத் தொகுத்துப் பழகுவதே பயன் தரும்.

ஏமாற்றலாம், பொய் சொல்லக் கூடாது. ‘த சைலன்ஸ் ஆஃப் த லேம்ப்ஸ்’ (1991) படத்தில் கிரெய்க் மெக்கே தொகுத்த ஒரு பகுதி இதற்குப் பாடம். ஒரு வீட்டைக் காவலர்கள் சூழ்கிறார்கள், உள்ளே கொலையாளி அழைப்பு மணியோசை கேட்டுக் கதவருகே வருகிறார். கதவைத் திறந்தால் அங்கே நிற்பது காவல் படை அல்ல, தனியாக வந்திருக்கும் பயிற்சி அதிகாரியான இளம்பெண். காவலர்கள் நிற்பது வேறொரு ஊரில், காலியான ஒரு வீட்டின் முன். திரும்பப் பார்த்தால் ஒவ்வொரு ஷாட்டும் உண்மையே. இரண்டும் ஒரே வீடு என்று முடிவு செய்தது நாம்தான். உங்கள் படத்தின் திருப்பத்தையும் இப்படிச் சோதித்துப் பாருங்கள். முடிவு தெரிந்த ஒருவர் இரண்டாம் முறை பார்க்கும்போது, குற்றவாளியின் எந்தக் குளோசப்பாவது அவர் தனியாக இருக்கும்போதும் அப்பாவிபோல் நடிப்பதாகத் தெரிந்தால், அந்த டேக்கை மாற்றுங்கள். தனிமையில் யாரும் யாருக்காகவும் நடிப்பதில்லை. வேறு டேக் இல்லையென்றால் முகத்தை விட்டுவிட்டு முதுகையோ கையையோ பயன்படுத்துங்கள்.

தமிழ் மர்மப் படங்களில் எனக்குள்ள பழைய மனக்குறை, கடைசியில் வரும் விளக்கத் தொகுப்பு. கொலையாளி பிடிபட்டதும், நாம் ஏற்கெனவே பார்த்த ஷாட்டுகளையெல்லாம் மறுபடி ஓட்டி, பின்னணிக் குரலில் ஒவ்வொன்றாக விளக்குவது. சில படங்களுக்கு அது தேவைதான். ஆனால் நீளத்தைப் பாதியாக்கிப் பாருங்கள், பிறகு அதிலும் பாதியாக்கிப் பாருங்கள். கதையை முன்பின் தெரியாத மூன்று பேரை அழைத்துக் காட்டுங்கள். பார்த்து முடித்ததும் “புரிந்ததா?” என்று கேட்காதீர்கள், எல்லோரும் புரிந்தது என்றுதான் சொல்வார்கள். “யார், எதற்காக, எப்படிச் செய்தார், நீங்களே சொல்லுங்கள்” என்று கேளுங்கள். அவர்கள் தடுமாறும் இடத்துக்கு மட்டும் ஒரு ஷாட் போதும்.

ஓசையும் மௌனமும்

தொகுப்பின்போது இடைவெளியை நிரப்ப வேறு படத்தின் பின்னணி இசையைத் தற்காலிகமாக ஒட்டும் வழக்கம் எங்கும் பரவிவிட்டது. மர்மப் படத்துக்கு இது கெடுதல் என்பது என் கருத்து. நன்றாக அமைந்த இசை, தளர்ந்த வெட்டையும் இறுக்கமாகக் காட்டிவிடும், ஆர்.ஆர். எனப்படும் பின்னணி இசைச் சேர்ப்பு முடிந்து வேறு இசை வரும்போதுதான் ஓட்டை தெரியும், அதற்குள் படம் லாக் ஆகியிருக்கும், அதாவது தொகுப்பு இறுதி செய்யப்பட்டிருக்கும். முதல் வரைவான ரஃப் கட்டை முழுக்க இசையில்லாமல் ஒருமுறை ஓட்டிப் பார்ப்பதைக் கட்டாயமாக்கிக்கொள்ளுங்கள். அதே நேரத்தில் ஒலியை விட்டுவிடச் சொல்லவில்லை. மின்விசிறி, பக்கத்து வீட்டுத் தொலைக்காட்சி, மாடிப்படியில் காலடி, குக்கர் விசில் போன்ற ஓசைகளைத் தொகுப்பிலேயே வைத்துவிடுங்கள். அடுத்த ஷாட்டின் ஓசையை அரை நொடி முன்பே கொண்டுவருவதும், முந்தைய ஷாட்டின் ஓசையைப் பின்னால் இழுப்பதும் பயத்தை நகர்த்தும் எளிய கருவிகள்.

இசை வேண்டாம் என்ற கொள்கையும் பிடிவாதமாகிவிடக் கூடாது. ‘சைக்கோ’வின் குளியலறைக் காட்சிக்கு இசையே தேவையில்லை என்று ஹிட்ச்காக் நினைத்திருந்தார். இசையமைப்பாளர் பெர்னார்ட் ஹெர்மன் தந்தி இசைக்கருவிகளை மட்டும் வைத்து உருவாக்கிய பகுதியைக் கேட்ட பிறகு மனம் மாறினார்.

இடைவேளை, பாட்டு, சான்றிதழ்

இந்தியத் திரையரங்குக்குப் படம் தொகுப்பவர், வெளிநாட்டுப் பாடநூல்களில் இல்லாத சில கட்டாயங்களோடு வேலை செய்ய வேண்டும். முதலாவது இடைவேளை. பார்வையாளரைப் பதற்றத்தில் நிறுத்தி, விளக்கைப் போட்டு, பாப்கார்ன் வாங்க அனுப்பி, திரும்பிவந்ததும் அதே பதற்றத்தில் உட்கார வைக்க வேண்டும். அது நடக்காது. எனவே இடைவேளையில் ஒரு கேள்வியை விட்டுச் செல்லுங்கள். ஓடிக்கொண்டிருக்கும் ஓர் ஆபத்தை நடுவில் முறிக்காதீர்கள். கேள்வி வரிசையில் நிற்கும்போதும் வளரும், ஆபத்து ஆறிவிடும். இரண்டாம் பாதி தொடங்கும்போது, படத்தில் புகைபிடிக்கும் காட்சி இருந்தால், சட்டப்படி புகையிலை எச்சரிக்கைப் படமும் வரும் என்பதையும் கணக்கில் கொண்டு, முதல் காட்சியை இடத்தையும் சூழலையும் அறிமுகப்படுத்தும் நிலையமைப்புக் காட்சியாக வைப்பது பயன் தரும். (இருட்டில் யாரோ நிற்கிறார் என்ற ஷாட்டில், அவர் சிகரெட் பற்றவைப்பதற்கு முன்பே கீழே எச்சரிக்கை வாசகம் தோன்றி, இருட்டில் இருப்பது யார் என்பதைவிட அவர் கையில் இருப்பது என்ன என்பதை முதலில் சொல்லிவிடும். அந்த வாசகம் தொடங்கும் ஃபிரேமை நீங்களே சரிபாருங்கள்.)

பாட்டைப் பொறுத்தவரை, 1954-இலேயே எஸ். பாலசந்தர் இயக்கிய ‘அந்த நாள்’ பாட்டே இல்லாமல் வந்துவிட்டது. ‘கைதி’ (2019) ஓர் இரவில், பாட்டில்லாமல் நடந்து வென்றது. உங்கள் படத்தில் பாட்டு இருந்தால், மூன்று கட்டத் தாளில் எந்தக் கட்டமும் மாறாத இடத்தில் அதை வையுங்கள். படத்தின் நீளத்துக்கும் விதி இல்லை. ஸ்ரீஜித் சாரங் தொகுத்த ‘துருவங்கள் பதினாறு’ (2016) ஏறத்தாழ ஒன்றே முக்கால் மணி நேரம். சான் லோகேஷ் தொகுத்த ‘ராட்சசன்’ (2018) இரண்டே முக்கால் மணி நேரத்துக்கும் மேல். இரண்டையும் மக்கள் விரும்பிப் பார்த்தார்கள்.

தணிக்கைச் சான்றிதழ் தொகுப்பாளரின் வேலையை நேரடியாகத் தொடும். ‘ஏ’ சான்றிதழ் பெற்ற படத்தைத் தொலைக்காட்சியில் அப்படியே ஒளிபரப்ப முடியாது; தொலைக்காட்சி உரிமை விற்க, மாற்றிய வடிவத்துக்கு மறுசான்றிதழ் வாங்க வேண்டியிருக்கும். ‘யு/ஏ’ சான்றிதழும் இப்போது 7, 13, 16 வயது என்று மூன்று படிகளாகப் பிரிக்கப்பட்டிருக்கிறது. ஆகவே வன்முறைக் காட்சிகளைத் தொகுக்கும்போதே, கத்தி உடலைத் தொடும் ஷாட் இல்லாத மாற்று வடிவத்தையும் செய்து சேமித்து வையுங்கள். பல நேரங்களில் மாற்று வடிவமே மேலானதாக இருக்கும்.

இணையத் தொடருக்கு இடைவேளை இல்லை, எபிசோடு முடிவு இருக்கிறது. ‘சுழல்’ (2022) போன்ற எட்டு எபிசோடு தொடரில், ஒவ்வொரு முடிவும் அடுத்ததை உடனே ஓட விட வேண்டும், ஆனால் ஒவ்வொரு முறையும் ஒரே விதமான திருப்பமாக இருக்கக் கூடாது. ஓடிடி வெளியீட்டில் வசனத் தலைப்புகளையும் (சப்டைட்டில்) பார்த்துக்கொள்ளுங்கள். செவித்திறன் குறைந்தவர்களுக்கான தலைப்பில், முகமூடி அணிந்து தொலைபேசியில் மிரட்டுபவரின் வசனத்துக்கு முன்னால் அந்தக் கதாபாத்திரத்தின் பெயரையே போட்டுவிடும் அபாயம் உண்டு. கோப்பைத் தயாரிப்பவருக்குத் திரைக்கதைதான் தரப்பட்டிருக்கும், அதில் பெயர் இருக்கும். டப்பிங் கூடத்துக்குப் பிரதி அனுப்பும்போதும், ஒவ்வொருவருக்கும் அவரவர் காட்சியை மட்டும், பெயர் முத்திரை பதித்து அனுப்புங்கள். முடிவு இருக்கும் ரீல் தனியாக, பூட்டிய டிஸ்க்கில் இருக்கட்டும்.

பணம், பெயர், உடல், அடுத்த படம்

சம்பளத்தைத் தவணையாக எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்: முன்பணம், ரஃப் கட், லாக், இறுதிப் பிரதி. வாய்ப்பேச்சில் முடித்த தொகையின் கடைசிப் பகுதி, படம் வெளியான பிறகு வசூலாவது கடினம். எத்தனை திருத்தங்கள் வரை இந்தத் தொகை, டிரெய்லரையும் தொலைக்காட்சி வடிவத்தையும் யார் செய்வது, அதற்குத் தனித் தொகை உண்டா என்பவையும் அதே தாளில் இருக்க வேண்டும். டிரெய்லர் விஷயம் மர்மப் படத்துக்கு முக்கியம். வேறொருவர் வெட்டினாலும், வெளியாவதற்கு முன் உங்களிடம் காட்டப்பட வேண்டும் என்று எழுதிக்கொள்ளுங்கள். திருப்பத்தின் பாதியை டிரெய்லரே தின்றுவிடுவது அடிக்கடி நடக்கிறது. உதவியாளர்களின் பெயர்கள் டைட்டிலில் சரியாக வருகின்றனவா என்பதைத் தொகுப்பாளர்தான் பார்க்க வேண்டும், வேறு யாரும் பார்க்க மாட்டார்கள்.

வெளியீட்டுத் தேதி அறிவித்த பிறகு நடக்கும் இரவு வேலைகளுக்கு எல்லை வகுத்துக்கொள்ளுங்கள். இந்தத் தொழில் உட்கார்ந்தே செய்யும் தொழில். அமெரிக்கத் தொகுப்பாளர் வால்டர் மர்ச் நின்றுகொண்டு தொகுப்பவர் என்பது பலருக்கு வேடிக்கையாகத் தெரியும், உயரம் மாற்றக்கூடிய மேசையைப் பயன்படுத்திய ஒரு மாதத்தில் அந்த வேடிக்கை போய்விடும். உறக்கம் குறைந்தால் மர்மப் படத் தொகுப்பாளர் முதலில் இழப்பது, தெரியாதவர்போல் பார்க்கும் அந்தத் திறனைத்தான். லாக் செய்வதற்கு முன் குறைந்தது ஒரு வாரம் படத்தைத் தொடாமல் இருக்க ஒப்பந்தத்திலேயே இடம் கேளுங்கள். தயாரிப்பாளர் முதலில் மறுப்பார்; ரீ-எடிட் செலவைச் சொன்னால் யோசிப்பார்.

இயக்குநருடனான நீண்ட உறவு இந்த வகைப் படங்களில் தனி மதிப்புடையது. டோமாசினி 1954 முதல் 1964 வரை ஹிட்ச்காக்குக்கு ஒன்பது படங்கள் தொகுத்தார். ஒருவரோடு பல படம் செய்யும்போது, எதை விளக்க வேண்டும், எதை விட்டுவிடலாம் என்ற வாதம் ஒவ்வொரு முறையும் முதலிலிருந்து தொடங்குவதில்லை. ஆனால் ஒரு மர்மப் படம் ஓடிவிட்டால், அடுத்து வரும் ஐந்து அழைப்புகளும் சீரியல் கொலையாளிக் கதையாகவே இருக்கும். நடுவே ஒரு நகைச்சுவைப் படத்தை ஒப்புக்கொள்ளுங்கள். நகைச்சுவையும் பார்வையாளருக்கு எது, எப்போது தெரிய வேண்டும் என்ற அதே கணக்கில்தான் ஓடுகிறது. அங்கே இரண்டு ஃபிரேம் பிழைத்தால் உடனே தெரிந்துவிடும், அரங்கில் சிரிப்பு வராது. அந்தப் படத்துக்கும் மூன்று கட்டத் தாளைப் போடுங்கள். குற்றவாளிக்குரிய கட்டத்தில் மாமனார் பெயரை எழுதிக்கொண்டால் போதும்.